புள்ளி இல்லாத இலை

என் கைபேசியில் ஒரே தொட்டியின் இரண்டு படங்கள் இருக்கின்றன. முதல் படம் அக்டோபர் முதல் வாரத்தில் எடுத்தது. நீளக் காம்பில் நிற்கிற இதய வடிவ இலைகள், வெளிர்பச்சை நிறம், அதன்மேல் பெரிசும் சிறிசுமாகக் கரும்பச்சைப் புள்ளிகள். காய்ந்த சிமெண்டுத் தரையில் மழையின் முதல் துளிகள் விழுந்த மாதிரி இருக்கும். இரண்டாவது படம் ஜனவரி நடுவில் எடுத்தது. அதே தொட்டி, அதே இடம். இலைகள் இன்னும் அகலமாகி, பளபளவென்று செழிப்பாக நிற்கின்றன. புள்ளி மட்டும் இல்லை, வெறும் பச்சை. இந்த இரண்டு படங்களையும் சேர்த்து எத்தனை பேருக்கு அனுப்பியிருப்பேன் என்று கணக்கே இல்லை. எல்லோரிடமும் ஒரே கேள்விதான்: நான் என்ன தப்பு செய்தேன்?

இந்தக் கேள்வியோடு மூன்று கோடைகள் போயின. நான் இருப்பது தென்னாப்பிரிக்காவில், டர்பனில். இங்கே மாதங்கள் எல்லாம் தலைகீழ். செப்டம்பர், அக்டோபர் வசந்தம். ஜனவரி உடம்பெல்லாம் பிசுபிசுக்கிற கோடை, மழையும் அப்போதுதான். ஜூன், ஜூலை வறண்ட குளிர்காலம். ஊரை விட்டு வந்த முதல் வருஷம் இதற்கே பழக முடியாமல் தவித்திருக்கிறேன். செடி வைத்த பிறகுதான் இந்த ஊர்க் காலம் எனக்குள் இறங்கியது. அதனால்தானோ என்னவோ, அந்தச் செடி ஒவ்வொரு வருஷமும் புள்ளியை இழக்கும்போது என்னிடமிருந்து எதுவோ நழுவிப்போகிற மாதிரி இருந்தது. கொஞ்சம் அதிகமாகச் சொல்வதாகத் தோன்றலாம். செடி வளர்க்கிறவர்களுக்குப் புரியும்.

ஐஸ்கிரீம் டப்பாவில் வந்த கிழங்குகள்

செடியைக் கொடுத்தது பக்கத்து வீட்டு ஆன்ட்டி. டர்பனிலேயே பிறந்து வளர்ந்தவர், எழுபதைத் தாண்டியவர். அவருடைய முன்னோர் சென்னையிலிருந்து கரும்புத் தோட்டத்துக்குக் கப்பலேறியவர்கள். 1860 நவம்பர் 16 அன்று ட்ரூரோ என்கிற முதல் கப்பல் இங்கே வந்து சேர்ந்ததே, அதற்குப் பின்னால் தொடர்ந்து வந்த எத்தனையோ கப்பல்களில் ஒன்றில். ஆன்ட்டிக்குத் தமிழில் சமையல் சொற்களும் உறவுமுறைகளும் சாமிப்பாட்டும் மட்டும் மிச்சம் இருக்கின்றன. பாட்டியை ஆயா என்பார், ரசத்தை ரசம் என்பார், என்னை ஒவ்வொரு வாக்கியத்தின் முடிவிலும் ஒரு "மா" போட்டுக் கூப்பிடுவார். மற்றதெல்லாம் ஆங்கிலம்தான். அவர் சொன்னதாக நான் இங்கே எழுதுவது எல்லாம் என் தமிழ்.

நாங்கள் குடிவந்த வருஷம் ஆகஸ்ட் கடைசியில், பழைய ஐஸ்கிரீம் டப்பா ஒன்றை வேலிக்கு மேலாக நீட்டினார். உள்ளே ஈர மண்ணோடு பதினைந்து இருபது கிழங்குகள். சின்ன வெங்காயத்தைவிடக் கொஞ்சம் பெரிசு. வெயில் பட்ட பக்கம் பச்சையாகவும் மண்ணில் இருந்த பக்கம் வெள்ளையாகவும் இருந்தன. "கழுத்து வரைக்கும் புதைக்காதே மா, பாதி வெளியே தெரியணும். நேர் வெயில் ஆகாது. ஜூனில் தண்ணீர் ஊற்றாதே, தூங்கட்டும்." அவ்வளவுதான் வழிமுறை. எங்கள் கொல்லையில் காட்டுவாழை இருக்கிறது. நம் ஊர் வாழை இல்லை, வெள்ளையும் கருநீலமுமாகக் கொக்கு மூக்கு போலப் பூக்கிற, இந்தக் கடற்கரைக்கே உரிய மரம். அதன் நிழலில் மூன்று தொட்டிகளில் வைத்தேன். மண் இந்தப் பகுதியின் சிவந்த மணல், அதில் மட்கிய இலை பாதிக்குப் பாதி கலந்தேன்.

மூன்றாவது வாரம் இலை வந்தது. சுருட்டிய வெற்றிலை மாதிரி கூர்மையாக எழும்பி, ஒரு நாளில் விரிந்து, மறுநாள் புள்ளிகளோடு நின்றது. காலையில் காபியோடு போய் அதன் எதிரில் குந்தியிருப்பேன். ஒரு இலையின் புள்ளி இன்னொன்றில் இருக்காது. சிலதில் புள்ளிகள் நடுநரம்பு ஓரமாக நெருங்கி நிற்கும், சிலதில் விளிம்பு வரை இறைந்து கிடக்கும். விரலால் தடவினால் மேடு பள்ளம் ஒன்றும் தெரியாது. புள்ளி இலையின் மேல் இருப்பதில்லை, இலைக்குள் இருக்கிறது. வெளிச்சத்துக்கு எதிரே தூக்கிப் பிடித்தால் பச்சைக் கண்ணாடிக்குள் இன்னொரு பச்சை.

இந்தச் செடிக்குத் தாவரவியல் வைத்த பெயர் டிரிமியோப்சிஸ் மாகுலாட்டா. மாகுலாட்டா என்றால் புள்ளி போட்டது என்று அர்த்தம். தென்னாப்பிரிக்காவின் கிழக்குக் கேப் மாகாணத்திலிருந்து டர்பன் இருக்கிற இந்தக் குவாசுலு-நட்டால் மாகாணம் வழியாக வடக்கே தான்சானியா வரை, காட்டு நிழலில் தானாக வளர்வது. சுலு மொழியில் இன்ஜோபா. ஆங்கிலத்தில் பேசுகிறவர்கள் சின்ன வெள்ளைச் சிப்பாய்கள் என்கிறார்கள். அந்தப் பெயரைக் கேட்டபோது எனக்கு என்ன ஏது என்று புரியவில்லை, விசாரிக்கவும் இல்லை. எனக்குப் புள்ளிதான் செடி. தாவரவியல் பெயரே அதைத்தானே சொல்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.

அப்புறம் டிசம்பர் வந்தது, புள்ளிகள் மங்க ஆரம்பித்தன.

நான் பார்த்த வைத்தியம்

முதலில் வெளிச்சம் போதவில்லை என்று நினைத்தேன். அது முழுக்கத் தவறான எண்ணமும் இல்லை. ரொம்ப இருட்டான இடத்தில் வைத்தால் இந்தச் செடியின் புள்ளி சரியாகத் தெரியாது என்பது உண்மைதான். அதனால் தொட்டியை நிழலின் ஓரத்துக்கு இழுத்தேன். பிப்ரவரி மாத மேற்கு வெயில் இரண்டே நாளில் இலை நுனிகளைப் பழுப்பாகக் கருக்கிவிட்டது. திரும்ப உள்ளே தள்ளினேன். அடுத்து உரம். நண்பர் ஒருவர் சாம்பல் சத்து குறைவு என்றார். வாழைப்பழத் தோலை நறுக்கி மண்ணில் புதைத்தேன். வெர்வெட் குரங்குகள் கூட்டமாக வந்து தோண்டி, ஒரு தொட்டியை உருட்டி உடைத்துவிட்டுப் போயின. கிழங்குகள் தரை முழுக்கச் சிதறிக் கிடந்தன. ஒவ்வொன்றாகப் பொறுக்கி மறுபடியும் நட்டேன். அந்தக் கிழங்குகளும் ஒரு வாரத்தில் ஒன்றும் நடக்காத மாதிரி நிமிர்ந்துவிட்டன. வந்த புது இலை ஒன்றிரண்டில் லேசாகப் புள்ளி இருந்தது. அதைப் பார்த்து இரண்டு நாள் சந்தோஷமாக இருந்தேன். மூன்றாவது வாரம் அதுவும் போய்விட்டது.

இரண்டாவது வருஷம் ஒரு நர்சரியில் போய்க் கேட்டேன். அங்கே இருந்தவர் என் படங்களைப் பார்த்துவிட்டு, உங்களிடம் இருப்பது நல்ல ரகம் இல்லை, இதை எடுத்துப் போங்கள், இதில் புள்ளி நிற்கும் என்று ஒரு தொட்டியைக் கொடுத்தார். விலை கொஞ்சம் அதிகம். அது செப்டம்பர் மாதம், அந்தத் தொட்டியில் ஒவ்வொரு இலையும் சிறுத்தைத் தோல் போல இருந்தது. ஜனவரியில் அது ஆன்ட்டி கொடுத்த செடிக்குப் பக்கத்தில் அதே வெறும் பச்சையில் நின்றது. எது எந்தத் தொட்டி என்று எனக்கே தெரியவில்லை. உண்மையிலேயே மனசு வலித்தது. பணம் போனதற்காக இல்லை. அவர் சொன்னதை நம்பி, முதலில் கிடைத்த கிழங்குகளை நான் நாலு மாதம் ஓரமாகத் தள்ளி வைத்திருந்தேன்.

ஒவ்வொரு தடவையும் ஆன்ட்டியிடம் போய்ப் புலம்புவேன். வேலி வழியாக எட்டிப் பார்த்து, "செடி நல்லாத்தானே மா இருக்கு?" என்பார். புள்ளி போயிடுச்சே ஆன்ட்டி என்பேன். "எந்தப் புள்ளி?" என்று ஒரு தடவை கேட்டார். கண் சரியாகத் தெரியவில்லை போலிருக்கிறது என்று நினைத்து விட்டுவிட்டேன். அவர் கேட்டதற்கு என்ன அர்த்தம் என்று அன்றைக்குத் தோன்றவே இல்லை.

காட்டுக்குள்

போன ஜனவரியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, டர்பனுக்கு வடக்கே உள்ள ஒரு கடலோரக் காட்டுக்குப் போயிருந்தோம். தாவரங்கள் தெரிந்த ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர், ஏழெட்டுப் பேரை மாதம் ஒரு முறை அழைத்துப் போவார். பெரிய காடு என்று சொல்ல முடியாது. ஒரு பக்கம் கரும்புத் தோட்டம், இன்னொரு பக்கம் நெடுஞ்சாலை, நடுவில் மணல்மேட்டின் மேல் நிற்கிற பழைய மரங்கள். முந்தின நாள் மழை பெய்திருந்தது. தரை முழுக்க ஊறிப்போன இலைச் சருகு, அதிலிருந்து காளான் வாசனை. எனக்கு முன்னால் போனவர் சட்டென்று நின்று, என் கால் பக்கம் கையைக் காட்டினார். "பார்த்து, மிதிக்காதீங்க."

குனிந்து பார்த்தேன். பச்சை இலைகள் ஒரு பத்துப் பன்னிரண்டு, சருகுக்கு நடுவே. ஒன்றிரண்டின் ஓரத்தை ஏதோ பூச்சி கடித்திருந்தது. சாதாரணக் காட்டுக் களை என்றுதான் பட்டது. "என்ன செடி இது?" என்று கேட்டேன். அவர் பெயரைச் சொன்னார். டிரிமியோப்சிஸ் மாகுலாட்டா.

இல்லை, என்னிடம் அந்தச் செடி இருக்கிறது, அதில் புள்ளி இருக்கும் என்றேன். கேட்டபடியே இலைகளை லேசாக ஒதுக்கிக் காட்டினார். சருகுக்குள் பாதி புதைந்து, பாதி வெளியே, பச்சையும் வெள்ளையுமாகக் கிழங்குகள். ஒன்றையொன்று நெருக்கிக்கொண்டு, தாயும் குட்டிகளுமாக. என் தொட்டியில் இருப்பது போலவே. "ஜனவரியில் புள்ளியா?" என்று கேட்டார். வசந்தத்தில் வருகிற இலையில்தான் புள்ளி எடுப்பாகத் தெரியும், இலை முற்ற முற்ற, வெயில் ஏற ஏற மங்கிவிடும், கோடையில் பெரும்பாலும் வெறும் பச்சைதான், அது நோய் இல்லை, குறையும் இல்லை, அந்தச் செடியின் வருஷமே அப்படித்தான் என்றார். இதை அவர் ரொம்ப இயல்பாகச் சொன்னார், மாமரம் மாசியில் பூக்கும் என்று நம் ஊரில் யாராவது சொல்வது போல. சொல்லிவிட்டு நடந்துவிட்டார்.

நான் அங்கேயே உட்கார்ந்துவிட்டேன். மூன்று வருஷமாகத் தினமும் எதிரில் குந்திப் பார்த்த செடி. தண்ணீர் ஊற்றி, மண் மாற்றி, குரங்கு தோண்டியதைப் பொறுக்கி நட்ட செடி. அதன் சொந்த வீட்டில், அதன் சொந்த மண்ணில் அது நிற்கும்போது எனக்கு அடையாளம் தெரியவில்லை. இன்னும் ஒரு அடி வைத்திருந்தால் மிதித்திருப்பேன். காம்பு எப்படி இருக்கும், இலையின் அடிப்பக்கம் காம்போடு சேருகிற இடத்தில் எப்படிக் குழிந்திருக்கும், கிழங்கின் கழுத்து எப்படி இருக்கும் என்று அன்றைக்கு என்னிடம் யாராவது கேட்டிருந்தால் சொல்லியிருக்க மாட்டேன். தினமும் பார்த்தேன், ஆனால் புள்ளியை மட்டும்தான் பார்த்தேன். புள்ளி போன பிறகு என்ன இல்லை என்பதைப் பார்த்தேன்.

இன்னொன்றும் அங்கே உட்கார்ந்திருந்தபோதுதான் கண்ணில் பட்டது. மேலே கிளைகளுக்கு நடுவிலிருந்து வெயில் சின்னச் சின்ன வட்டங்களாகத் தரையில் விழுந்துகொண்டிருந்தது. காற்று அசைகிறபோது அந்த வட்டங்கள் சருகின் மேலும் இலைகளின் மேலும் ஓடின. தரையே புள்ளி போட்டதாக இருந்தது. அக்டோபரில், இளம் இலைகள் புள்ளியோடு எழும்பும்போது, அந்த இடத்தில் எது இலையின் புள்ளி, எது வெயிலின் புள்ளி என்று பிரித்துச் சொல்வது கஷ்டம். தாமஸ் கிவ்னிஷ் என்கிற தாவரவியலாளர் 1990-இல் இப்படி ஒரு கருத்தை எழுதியிருக்கிறார்: காட்டுத் தரையில் வளர்கிற செடிகளின் இலைகளில் வருகிற திட்டுகளும் புள்ளிகளும், மேய்கிற விலங்குகளின் கண்ணிலிருந்து இலையின் வடிவத்தை மறைக்கிற வேலையைச் செய்யலாம். அவர் எழுதியது வட அமெரிக்கக் காட்டுச் செடிகளை வைத்து. ஆனால் இந்தக் காட்டிலும் புதர்மான் மேய்கிறது, முயலைவிடக் கொஞ்சமே பெரிய நீல டைக்கர் மான் இருக்கிறது. குளிர்காலம் முடிந்து தரை வெறிச்சென்று கிடக்கும்போது முதலில் எழும்புகிற இளம் இலைக்கு மறைவு தேவைப்படும் என்றால் எனக்கு அது சரியாகத்தான் படுகிறது. எல்லோர் கண்ணையும் இழுக்கத்தான் புள்ளி என்று நான் நினைத்திருந்தேன். யார் கண்ணிலும் படாமல் இருக்கத்தான் அது என்றால், மூன்று வருஷம் நான் அந்தச் செடியிடம் கேட்டுக்கொண்டிருந்தது என்ன?

பெயர்கள் வந்த வழி

வீட்டுக்கு வந்து இந்தச் செடியைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் படிக்க ஆரம்பித்தேன். முன்பு படித்ததும் உண்டுதான், ஆனால் அப்போதெல்லாம் "புள்ளி" என்கிற சொல் வருகிற இடங்களை மட்டும் தேடிப் படித்திருக்கிறேன்.

1851-இல் இங்கிலாந்தில் ஜான் லிண்ட்லி என்கிற தாவரவியலாளரும் ஜோசப் பாக்ஸ்டன் என்கிற தோட்டக்காரரும் சேர்ந்து இதற்குப் பெயர் வைத்தார்கள். பாக்ஸ்டன் ஒரு பிரபுவின் சாட்ஸ்வொர்த் என்கிற மாளிகையில் தலைமைத் தோட்டக்காரர். அதே 1851-இல் லண்டன் கண்காட்சிக்காக இரும்பும் கண்ணாடியுமாகப் பளிங்கு மாளிகையைக் கட்டி உலகப் புகழ் பெற்றவர். ஒளியை வீட்டுக்குள் கொண்டுவரத் தெரிந்த மனிதர் அதே வருஷத்தில் ஒரு நிழல் செடிக்குப் பெயர் வைத்திருக்கிறார். டிரிமியோப்சிஸ் என்றால் டிரிமியாவைப் போன்றது என்று பொருள். டிரிமியா யார் என்றால் நம் ஊர் நரிவெங்காயம் இருக்கிற குடும்பம். டிரிமியா என்கிற சொல்லே காரம், எரிச்சல் என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது. கிழங்கின் சாறு தோலில் பட்டால் அரிக்கும். அந்த இனத்தில் இதயத்தைப் பாதிக்கிற நஞ்சும் உண்டு. என் செடியின் கிழங்கையும் யாரும் வாயில் வைத்துப் பார்க்க வேண்டாம்.

2004 வாக்கில் இதன் மரபணுவைப் பார்த்த மேனிங், கோல்ட்பிளாட் முதலானோர், இது தனி இனமே இல்லை, லெடபூரியா என்கிற இனத்துக்குள் அடங்கும் என்று சொல்லி லெடபூரியா பெடியோலாட்டா என்று பெயரை மாற்றினார்கள். பெடியோலாட்டா என்றால் காம்பு உள்ளது. புள்ளியைச் சொன்ன பெயர் போய், காம்பைச் சொல்கிற பெயர் வந்துவிட்டது! காட்டில் உட்கார்ந்து நான் அந்தக் காம்பைத்தானே முதல் தடவையாகப் பார்த்தேன். வேறு சில தாவரவியலாளர்கள் இந்த இணைப்பை ஏற்கவில்லை. பூவின் அமைப்பு வேறு, தனியாகவே இருக்கட்டும் என்கிறார்கள். அதனால் இன்றைக்கும் இரண்டு பெயரும் புழங்குகின்றன.

லெடபூரியா என்கிற பெயரின் கதைதான் என்னைப் பிடித்து நிறுத்தியது. ஆப்பிரிக்காவில்தான் இந்த இனம் அதிகம், ஆனால் முதன்முதலில் அந்தப் பெயர் சூட்டப்பட்டது ஒரு இந்தியச் செடிக்கு. தரங்கம்பாடிக்கு மொரேவிய சபை மிஷனரியாக வந்து, அப்புறம் கிழக்கிந்தியக் கம்பெனியில் தாவரவியலாளராக வேலை பார்த்து, 1819-இல் சென்னையில் இறந்துபோனவர் பெஞ்சமின் ஹைன். அவர் இந்தியாவில் சேகரித்த செடிகளை வைத்து ஜெர்மனியில் ரோத் என்கிற மருத்துவர் 1821-இல் ஒரு நூல் வெளியிட்டார். அதில் வருகிற ஒரு சின்னக் கிழங்குச் செடிக்கு, லெடபூர் என்கிற சக தாவரவியலாளரின் பெயரை வைத்தார். நம் பழைய மருந்துப் பட்டியல்களில் சிறுநரிவெங்காயம் என்று வருவது அதுதான். சந்தையில் நரிவெங்காயத்துக்குப் பதிலாக விற்றிருக்கிறார்கள். அந்தச் செடியும் தென்னாப்பிரிக்காவிலிருந்து இலங்கை வரை பரவியிருக்கிற ஒரே இனம்தான் என்று இப்போது பலரும் கருதுகிறார்கள். அதன் இலையிலும் புள்ளி உண்டு, தரையோடு ஒட்டிப் படுத்திருக்கும். நான் கரூர்ப் பக்கத்துக்காரி. முதல் மழைக்கு அப்புறம் பொட்டல் காட்டில் ஆடு ஓட்டிக்கொண்டு போன பிள்ளைகளோடு நானும் சுற்றியிருக்கிறேன். அதன் மேல் எத்தனை தடவை நடந்து போயிருப்பேனோ.

டர்பனின் வார்விக் சந்திப்பில் மூலிகைச் சந்தை ஒன்று இருக்கிறது. கட்டி முடிக்காமல் விட்ட மேம்பாலத்தின் மேலேயே கடை போட்டிருப்பார்கள். அடுத்த சனிக்கிழமை அங்கே போனேன். பட்டைகள், வேர்கள், மூட்டை மூட்டையாகக் கிழங்குகள். உமத்துங்கா, இன்குடூசா, இகிபிசிலா என்று பெயர் சொன்னார்கள். மூன்றுமே என் செடிக்குச் சொந்தக்காரக் குடும்பம். இன்ஜோபாவும் மருந்துதான், குழந்தைகளின் வயிற்றுக் கோளாறுக்குச் சுலு வைத்தியத்தில் கொடுத்திருக்கிறார்கள். கடைக்கார அம்மா ஒருவரிடம் என் கைபேசியை நீட்டி அக்டோபர் படத்தைக் காட்டினேன். இலையைப் பெரிதாக்கிக் காட்டப் போனேன். அவர் படத்தை விரலால் கீழே நகர்த்தி, தொட்டி விளிம்புக்குப் பக்கத்தில் தெரிந்த கிழங்கை மட்டும் கொஞ்ச நேரம் பார்த்தார். "இன்ஜோபா" என்றார். இலையை அவர் பார்க்கவே இல்லை.

குழாயடி

அன்று சாயங்காலமே ஆன்ட்டி வீட்டுக்குப் போனேன். காட்டில் பார்த்ததைச் சொன்னேன். புள்ளி போவதுதான் அதன் இயல்பாம், நான்தான் மூன்று வருஷமாக உங்களைத் தொல்லை பண்ணிவிட்டேன் என்றேன். டீ ஆற்றிக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தார். அப்புறம் சொன்னார்: "நான் அந்த இலையைக் கவனிச்சதே இல்லை மா. எனக்கு அது பூச்செடி."

பூவா? என் தொட்டியிலும் பூ வந்திருக்கிறது. செப்டம்பரிலிருந்து ஏப்ரல் வரை தண்டு தண்டாக வரும். இலைக்குப் போகிற சத்து வீணாகிறதே என்று பாதியை நான் கிள்ளி எறிந்திருக்கிறேன். அதை அவரிடம் சொல்ல வாய் வரவில்லை.

இந்தச் செடி முதலில் கேட்டோ மேனரில் இருந்தது என்றார். டர்பனின் அந்தப் பகுதியில் தமிழர்களும் மற்ற இந்தியர்களும் தோட்டம் போட்டுக் காய்கறி விளைவித்துக்கொண்டிருந்தார்கள். ஆன்ட்டியின் ஆயாவுக்கும் அங்கே ஒரு வீடு, பின்னால் குழாயடி. தண்ணீர் சிந்துகிற இடத்தில், பலாமர நிழலில் இந்தச் செடி. யார் கொண்டுவந்து வைத்ததோ தெரியாது, தானாக வந்ததாகவும் இருக்கலாம், அது வளர்கிற பூமிதானே இது. ஆயா காலையில் தண்ணீர் பிடிக்கும்போது அந்த வெள்ளைப் பூத்தண்டில் ஒன்றிரண்டு கிள்ளிச் சாமி படத்துக்கு வைப்பாராம். எந்த இனத்தவர் எங்கே குடியிருக்கலாம் என்று பிரிக்க 1950-இல் வந்த குழுப்பகுதிச் சட்டத்தை வைத்து, 1958-இல் அந்த இடத்தை வெள்ளையர் பகுதி என்று அறிவித்தார்கள். ஆன்ட்டியின் குடும்பம் அங்கிருந்து கிளம்பியபோது அவருக்குப் பத்துப் பன்னிரண்டு வயது. ஊருக்குத் தெற்கே இந்தியர்களுக்கென்று புதிதாகப் போட்ட குடியிருப்பில் வீடு. அந்தக் குடியிருப்பின் பெயர் சாட்ஸ்வொர்த். பாக்ஸ்டன் தோட்டக்காரராக இருந்த மாளிகையின் பெயரும் அதுதான் என்று சொன்னேன். ஆன்ட்டி, "அப்படியா" என்றார், அதில் அவருக்குப் பெரிய ஆர்வம் இல்லை. "ஆயா எதையும் சரியா எடுத்து வைக்கலை மா. பாத்திரத்தைக்கூட விட்டுட்டு வந்துட்டாங்க. மண்ணெண்ணெய் டின்னில் இதை மட்டும் தோண்டிப் போட்டுக்கிட்டாங்க. புது வீட்டில் மரமே கிடையாது, நிழலே கிடையாது. சுவர் ஓரமா வச்சு, மேலே கோணிச்சாக்கு கட்டினாங்க."

அப்புறம் என்னைக் கூட்டிக்கொண்டு பின்பக்கம் போனார். அவர் வீட்டில் தொட்டி எல்லாம் இல்லை. துவைக்கிற கல்லுக்குப் பக்கத்தில், சுவர் நிழலில், இரண்டடி அகலத்துக்கு நேராகத் தரையில் பரவிக் கிடக்கிறது. இலை எல்லாம் வெறும் பச்சை. நடுவிலிருந்து முப்பது நாற்பது தண்டுகள், ஒரு சாண் உயரத்துக்கு, வளையாமல் நிமிர்ந்து நின்றன. சாயங்கால வெளிச்சத்தில் உச்சிப் பக்கம் மட்டும் வெள்ளை வெள்ளையாகத் தெரிந்தது. சின்ன வெள்ளைச் சிப்பாய்கள். எனக்கு அப்போதுதான் அந்தப் பெயர் புரிந்தது.

துவைகல்லின் விளிம்பில் உட்கார்ந்து ஒரு தண்டை விரலுக்கு நடுவில் பிடித்துப் பார்த்தேன். பூ ஒவ்வொன்றும் மிளகைவிடக் கொஞ்சம்தான் பெரிசு, தண்டோடு ஒட்டினாற்போல உட்கார்ந்திருக்கிறது. உச்சியில் இன்னும் விரியாத மொட்டுகள், அரிசிமாவு வெள்ளை. கீழே வர வர வெள்ளை குறைந்து, பச்சை ஏறி, அடியில் இருப்பவை இலையின் நிறத்துக்கே வந்துவிட்டன. வெளி இதழ் மூன்றும் லேசாக விலகியிருந்தன. உள் இதழ் மூன்றும் நுனி வளைந்து, கைகூப்பின மாதிரி மூடியே இருந்தன. மகரந்தம் எல்லாம் அதற்குள். தாவரவியலாளர்கள் சண்டை போட்டுக்கொள்கிற பூ அமைப்பு இதுதான். கடுகளவு எறும்பு ஒன்று ஒரு பூவின் மேல் ஏறி, மூடிய இதழ்களைச் சுற்றிச் சுற்றி வந்துவிட்டு அடுத்த பூவுக்குப் போனது.

"கிள்ளிக்கோ மா, சாமிக்கு வை" என்றார் ஆன்ட்டி. நான் ஒன்று மட்டும் கிள்ளிக்கொண்டேன். வெள்ளை நிறைய இருக்கிற தண்டாகப் பார்த்து இன்னும் இரண்டை அவரே கிள்ளி என் கையில் வைத்தார்.